தங்கச்சி பிறந்த காடு

ஈரப் பைன் விறகு எரியும்போது எழும் புகையில் ஒரு புளிப்பு வாசனை இருக்கும். என் ஒன்பது வயதுக் குளிர்காலம் முழுவதும் அது எங்கள் தலைமயிரிலும் கம்பளியிலும் சோற்றிலும் ஏறிக் கிடந்தது. இப்போது பாரிஸின் லா சப்பலில் யாராவது என் ஊரைக் கேட்டால் யாழ்ப்பாணம் என்றுதான் சொல்வேன். ஆனால் சின்ன வயது என்றதும் முதலில் நினைவுக்கு வருவது லித்துவேனியாவின் வடகிழக்கு மூலையில், ஏரிகளுக்கும் காட்டுக்கும் நடுவே தனித்து நின்ற ஒரு மரவீடு.

மொஸ்கோவில் எங்களைப் பிரிந்த அப்பா முதலில் பாரிஸ் போய்ச் சேர்ந்துவிட்டார். பின்னால் வந்த அம்மாவையும் என்னையும், இன்னும் நான்கு இளைஞர்களையும், அம்மாவின் சொல்லில் "இளந்தாரிகளையும்", எல்லை கடத்திவிடும் ஏஜென்சிக்காரன் அந்த வீட்டில் இறக்கிவிட்டுப் போனான். அம்மாவுக்கு அப்போது எட்டு மாதம். யாழ்ப்பாணத்தில் வேலிக்கு அந்தப் பக்கம் அடுத்த வீடு; அங்கோ இன்னொரு வீட்டின் புகையைப் பார்க்கவே உறைந்த ஏரிக்கரைவரை நடக்க வேண்டும். "இஞ்சை சனமே இல்லையோ?" என்று அம்மா ஓயாமல் கேட்பாள்.

அதற்குப் பதில் வீட்டுக்காரி தனுதேயிடம் இருந்தது. ஐம்பது வயதிருக்கும், ஒரு பசுவோடு தனியாக வாழ்ந்தவள். அவள் ரஷ்ய மொழியில் சொல்வதை, அந்த நான்கு பேரில் ஒருவரான, மொஸ்கோவுக்குப் படிக்க வந்து பாதியில் விட்டிருந்த ரவி அண்ணை எங்களுக்குத் தமிழில் சொல்வார். இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு சோவியத் ஆட்சியில் அந்தப் பக்கத்துச் சனங்களைக் குடும்பம் குடும்பமாக மாடு ஏற்றும் ரயில் பெட்டிகளில் அடைத்துச் சைபீரியாவுக்கு அனுப்பினார்களாம். தனுதே பிறந்ததே அங்கேதானாம். உயிரோடு திரும்பியவர்கள் கொஞ்சப் பேர். கூட்டுப் பண்ணை வந்தபோது மிச்சமிருந்த தனி வீடுகளையும் இடித்து, சனத்தை ஒரே தெருவில் குடிவைத்தார்கள். காட்டுக்குள் ஒதுங்கி இருந்ததால் இந்த வீடு மட்டும் தப்பியது. கேட்டுக்கொண்டிருந்த அம்மா, "அப்ப இவையும் எங்களைப் போலதான்" என்று சொல்லிவிட்டு அன்றைக்குப் பிறகு அந்தக் கேள்வியைக் கேட்கவில்லை.

பின்னேரம் காட்டுக்கு அப்பால் வாகனம் வரும், வெளிக்கிட வேண்டும் என்று ஏஜென்சிக்காரன் சொல்லியனுப்பிய ஒரு நாள், மத்தியானமே அம்மாவுக்கு வலி கண்டது. வயிற்றைத் தொட்டுப் பார்த்த தனுதேயின் முகம் மாறியது. குழந்தையின் தலை கீழே திரும்பாமல் மேலே இருக்கிறது, தன்னால் முடியாது, ஏரிக்கு அப்பால் தாதி இருக்கிறாள், ஆனால் தாதியை அழைத்தால் அம்புலன்ஸ் வரும், அதோடு பொலிசும் வரும் என்றாள். மற்ற மூன்று இளந்தாரிகளும் ரவி அண்ணையைப் பார்த்தார்கள்.

"கூப்பிடட்டும்" என்றார் அவர். "நீங்கள் காட்டுப் பாதையாலை போய் வாகனத்தைப் பிடியுங்கோ. நான் நிக்கிறன். தாதி சொல்லுறதை அக்காவுக்கு ஆர் சொல்லுறது?"

"நீயும் போ தம்பி" என்றாள் அம்மா.

"கதையாதேங்கோ அக்கா. மூச்சை விடுங்கோ."

தனுதே சுற்றுப் பாதையை விட்டு ஏரிப் பனியின் மேலேயே நேராக நடந்தாள். சன்னலில் நின்ற எனக்கு அந்த வெள்ளைப் பரப்பில் அவள் ஒரு கறுப்புப் புள்ளியாகிக் கரைவது தெரிந்தது. தாதியோடு அவள் திரும்பும்வரை நான் அம்மாவின் கையை விடவில்லை. அறைக்குக் குறுக்கே கட்டிய கம்பளிக்கு இந்தப் பக்கம் சுவரைப் பார்த்தபடி நின்ற ரவி அண்ணை, கல்யாணமே ஆகாத இருபத்திரண்டு வயதுப் பொடியன், காது சிவக்கச் சிவக்க மொழிபெயர்த்தார்: "இப்ப முக்கட்டாம் அக்கா... இப்ப வேண்டாமாம்... பொறுக்கட்டாம்." வாசலில் அம்புலன்சும் பொலிசும் வந்து நிற்கும் சத்தம் கேட்டது. பின்கதவு திறந்துதான் இருந்தது. அவர் அசையவில்லை. தங்கச்சி அழுத பிறகுதான் சுவரைவிட்டுத் திரும்பி, வெளியே போய்ப் பொலிசின் முன்னால் நின்றார்.

அவரை இலங்கைக்கே திருப்பி அனுப்பினார்கள். எங்களை ஒரு முகாமில் வைத்திருந்து, அப்பாவுக்கு "கார்த்" என்கிற வதிவிட அட்டை கிடைத்த பிறகு பாரிசுக்கு விட்டார்கள். ரவி அண்ணை பல வருடங்கள் கழித்து வேறு வழியாக வந்து சேர்ந்தார். லா சப்பலின் ரூ காய் தெருவில் ஒரு சாப்பாட்டுக் கடைக் குசினியில் வேலை, நகருக்கு வெளியே சார்செலில் வீடு. தங்கச்சிக்கு அவர் மாமா.

போன கோடையில் அவரையும் கூட்டிக்கொண்டு நானும் தங்கச்சியும் அந்த லித்துவேனியக் காட்டுக்குப் போனோம். அந்தப் பக்கத்துப் பள்ளிக்கூடம் பூட்டிக் கிடந்தது. பஸ் நின்று வருடக்கணக்காகிவிட்டது. தனுதே இறந்துவிட்டாள் என்று வழியில் ஒரு கடைக்காரி சொன்னாள். வீடு இருந்த இடம் முழுக்க வரிசையாக நட்ட பைன் மரங்கள். உழவு இயந்திரத்தில் வந்த ஓர் இளைஞனை மறித்து ரவி அண்ணை ரஷ்ய மொழியில் ஏதோ கேட்டார். அவன் கையை விரித்தான். அங்கே இளையவர்களிடம் அந்த மொழியும் போய்விட்டது. வீட்டில் எதற்கும் பிரெஞ்சிலேயே பதில் சொல்கிற தங்கச்சி, அவனோடு ஆங்கிலத்தில் பேசிவிட்டு மெல்லத் திரும்பித் தமிழில் சொன்னாள்: "மாமா, இஞ்சை வீடு ஒண்டும் இருக்கேல்லையாம். எப்பவும் காடுதானாம்."

ரவி அண்ணை மரங்களைக் கைகாட்டினார்.

"நீ இஞ்சைதான் பிறந்தனி எண்டு சொல்லு."

அவள் சொன்னாள். அவன் இயந்திரத்தை நிறுத்திவிட்டுக் கீழே இறங்கினான்.