ரேஸ் ரோட்டில் காய்ந்த நெல்

அன்னைக்கு அங்க இருந்தது நான், என் பொஞ்சாதி, காக்களூர் கம்பெனியில் லீவு போட்டு வந்த மச்சான், அப்புறம் சிவப்புக் காரில் வந்த வயசான அம்மா.

அந்த ரோடு வெள்ளைக்காரன் பிளேன் இறங்கப் போட்டது. பிறகு அதில் ரேஸ் நடந்தது. ரேஸ் வேற ஊருக்குப் போனதும் சும்மா கிடந்தது. எங்களுக்கு நெல் காய வைக்கக் களம் கிடையாது. பஞ்சாயத்துல கேட்டுக் கேட்டு வெறுத்துப்போய் அங்கேதான் அகலம் முழுக்கப் பரப்புவோம்.

"இங்கதான் நான் ரேஸ் ஓட்டினேன். நாளைக்குக் காரை விக்கிறேன். கடைசியா ஒரு ரவுண்டு போகணும். நெல்லைக் கொஞ்சம் ஒதுக்குறியாப்பா?" என்றார் அந்தம்மா.

"இன்னாம்மா வெளையாடுறியா? காலையிலேர்ந்து முதுகு ஒடியப் பரப்பிக்கினு இருக்கோம். வேற எடம் பாரு," என்றேன்.

"ரேஸுக்காரங்களுக்கு எம்மாம் ரோடு இருந்தாலும் பத்தாது மாமா," என்று மச்சான் சிரித்தான்.

அவர் போகாமல் காரிலேயே உட்கார்ந்திருந்தார்.

திடீரென்று இருட்டிக்கொண்டு வந்தது. நெல்லை வாரிக் குவித்தோம். தார்ப்பாய் பாதிக்குத்தான் எட்டியது. அந்தம்மா கார் உறையை எடுத்து வந்து மீதிக் குவியலை மூடி, கொட்டுகிற மழையில் சுற்றிலும் கல் வைத்தார்.

மழை விட்டதும் ரோடெல்லாம் தண்ணி.

"இனிமே வழுக்கும்பா," என்றார். உறையைக்கூட எடுத்துக்கொள்ளாமல் போய்விட்டார்.

களம் தராதவங்க மேல இருந்த கடுப்பை அவர்மேல் காட்டிவிட்டேன். களம் இன்னும் வரவில்லை.

அந்த உறைக்கு அடியில் நனையாமல் இருந்த நெல், பதினோரு மூட்டை.