சுளகோடு ஓடியவள்

நேற்று டிவியில் நாலு விமர்சகர்கள் உட்கார்ந்து ஒரு சரித்திரப் படத்தைக் கூறுபோட்டார்கள். ஊர் எரியும் காட்சியில் சனம் ஓடுவது நம்பும்படி இல்லையாம். டிவியை அணைத்துவிட்டேன்.

நாங்களும் ஒரு காலம் இப்படித்தான். எண்பதுகளில் கல்முனைக் கூட்டுறவுச் சங்கக்கடையில் கிளாக்கராக இருந்தேன். வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து, தொப்பியை மடித்துச் சட்டைப்பைக்குள் செருகிக்கொண்டு வந்தால், பள்ளிவாசல் மதிலோரம், பக்கத்துத் தமிழூர் பாண்டிருப்புத் தங்கராசா வாத்தி சைக்கிளோடு நிற்பான். நேரே மெட்டினி ஷோ, பிறகு விமர்சனம். படம் எடுத்த விதத்தை அவன் எழுதுவான், அதன் பொருளை நான். கோட்டை வெறும் தட்டிப்பலகை என்று அவன் பிடிப்பான். ராசாவின் வெற்றி ஆருக்கு வெற்றி என்று நான் குடைவேன். ஆனால் இரண்டு பேரும் கையெழுத்து வைக்காமல் ரோனியோ மெஷினில் உருட்டி அடிக்கிற எங்கட சஞ்சிகையில் ஒரு வரியும் போகாது. பெரிய கோர்ட்டு நடத்துகிற நினைப்பு!

அப்படிப் பார்த்த ஒரு ராசா படத்தில் படை வந்து ஊரைக் கொளுத்துகிறது. ஒருத்தி அரிசி புடைக்கிற வெறும் சுளகைத் தூக்கிக்கொண்டு ஓடுகிறாள். தங்கராசா தியேட்டருக்குள்ளேயே சிரித்துவிட்டான்.

“மச்சான், வீடு எரியக்குள்ள ஆராவது சுளகைத் தூக்குவாளாடா? நகைப் பெட்டியெல்லோ தூக்குவாள்!”

“ஓம்டா. டைரக்டருக்குப் பொம்புளையளையும் தெரியா, குசினி அடுப்படியும் தெரியா.”

சொன்ன இருவருக்கும் கல்யாணமே ஆகவில்லை. ‘மனிதர் இப்படி ஓடுவதில்லை’ என்று எழுதிக் கையெழுத்தும் வைத்தோம்.

அது வெளிவந்து மாதம் ஆகவில்லை, தமிழர், சோனக முஸ்லிம்கள் என்று ஊர்கள் பிரிந்து எரியத் தொடங்கின. எங்கள் ஒழுங்கை வீடுகளுக்குள் புகை வந்ததும் கடற்கரைக்கு ஓடினோம். மணலில் நின்று மூச்சு வாங்கும்போதுதான் உம்மாவின் கையைப் பார்த்தேன். சோறு ஒட்டிய அகப்பை. நகையெல்லாம் வீட்டு அலுமாரியில்.

“அல்லாவே, இதையாடா தூக்கிட்டு வந்திரிக்கன்?” என்று உம்மா அழுதா. தங்கராசாவிடம் இதைச் சொல்லவேண்டும் என்பதுதான் எனக்கு முதலில் தோன்றியது. வெட்கம் கெட்ட மனசு.

கலவரம் அடங்கிப் பாதை திறந்த அன்றே பாண்டிருப்புக்குப் போனேன். அவன் வீட்டில் சுவர் மட்டும் நின்றது. அவனுடைய அக்கா சாம்பலைக் கிளறிக்கொண்டிருந்தா.

“அகதி முகாமில இருந்து வீட்டைப் பாக்க வந்தவன் தம்பி. வழியில பிடிச்சிட்டுப் போயிட்டாங்க.”

யார் என்று அவவும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. எங்கட ஆக்கள் என்று சொல்லிவிடுவாவோ என்று பயம்.

அவன் வரவேயில்லை. தியேட்டர் இப்போது சீமெந்துக் கிடங்கு. சஞ்சிகையில் ஒரு பிரதி என்னிடம் மிஞ்சியிருக்கிறது. அதன் பின்பக்கம், பாண்டிருப்பிலிருந்து திரும்பிய அன்றைக்கே திருத்தம் எழுதினேன்: ‘மனிதர் இப்படித்தான் ஓடுவார்கள்.’ கீழே என் கையெழுத்து. பக்கத்தில் அவனுக்கு விட்ட இடம் அப்படியே கிடக்கிறது. எங்கட சட்டப்படி அந்தத் திருத்தம் செல்லாது.