கட்டிலுக்கடியில் மரத்தூள்

யார் கூப்பிட்டாலும் ராமுத்தாய் வெளியே வந்து, கதவைப் பாதி சாத்திக்கொண்டுதான் பேசுவாள். வீரபாண்டியில் வாடகைக்குக் குடிவந்த காலத்திலிருந்தே அப்படித்தான்.

காரணம் அவள் வீட்டுக் கட்டில். பனியன் கம்பெனிக்கு வெளிநாட்டு மிஷின் வந்த பெட்டிப் பலகையைக் கேட்டு வாங்கி, அவள் புருஷன் வீரணன் அடித்தது. அதிலிருந்து மாவு போல மரத்தூள் உதிர்ந்துகொண்டே இருந்தது. கரையான் என்று நினைத்தவள், ஓட்டைகளில் பனியன் வேஸ்ட் துணியைத் திணித்தாள். விடிந்ததும் தூளைக் கூட்டி மறைத்தாள். வீட்டுக்காரம்மா சுப்பாத்தாளுக்குத் தெரிந்தால் காலி செய்யச் சொல்லிவிடுவாளே என்ற பயம்.

போன சித்திரையில் அவளும் சுப்பாத்தாளும் வாசலில் பேசிக்கொண்டிருந்தபோது, உடம்பைவிட நீளமான மீசையோடு ஒரு வண்டு கதவிடுக்கு வழியாக வெளியே வந்தது.

"ஏங்கண்ணு, உள்ளார மீசக்காரன ஒளிச்சு வெச்சிருக்கறயா?" என்று சிரித்துக்கொண்டே சுப்பாத்தாள் உள்ளே போய்விட்டாள். துணி அடைத்த கட்டிலைக் குனிந்து பார்த்தாள்.

"கரையான்க்கா. சொல்ல வெக்கப்பட்டு மறைச்சிட்டேன்."

"கரையான்னா மண்ணு பூசியிருக்குமே கண்ணு. இது எங்க தோட்டத்து வெறகுலயும் வார வண்டு. பச்சை மரத்துல முட்டை வெச்சது, புழுவா உள்ளயே கெடந்து இப்ப வெளிய வருது. காஞ்ச மரத்து நெலக்காலு, கதவுக்கெல்லாம் ஒண்ணும் ஆவாது. இதுக்கா என்னய இத்தன வருசமா வாசல்லயே நிக்க வெச்ச? நான் வாரது உனக்குப் புடிக்கலையாட்ட இருக்குதுன்னு நெனச்சேன்."

ராமுத்தாயால் நிமிர முடியவில்லை.

ஓட்டை விழுந்த பலகைகளை மாற்றியாயிற்று. தூள் விழுவதில்லை. சுப்பாத்தாள் வந்தால் கதவு முழுதாகத் திறக்கிறது. ராமுத்தாய் மட்டும் இன்னும் தரையைப் பார்த்துத்தான் அவளோடு பேசுகிறாள்.