பெரியப்பாவைக் கடித்த எறும்பு

எங்கள் பெரியப்பா சினிமாவில் மூன்று முறை செத்திருக்கிறார். கல்யாணத்துக்கு முன்பு மெட்ராஸில் இருந்த காலத்தில், ஒரு கறுப்புவெள்ளைப் படத்தில் போர்வீரனாகச் செத்ததுதான் அதில் பெரிய சாவு. கதாநாயகனே அவர் நெஞ்சில் விழுந்து அழுதாராம். "மூச்சப் பிடிச்சிட்டுக் கெடந்தேன், ஒரு ரோமம் அசையல்ல" என்று எங்கள் ஊர் கொட்டாரத்து டீக்கடையில் அவர் சொல்லாத நாளில்லை.

நான் அதை அப்படியே நம்பி ஐந்தாம் வகுப்பு முழுக்கப் பரப்பிவிட்டேன். அந்தப் படம் ஞாயிறு மத்தியானம் டிவியில் வருகிறது என்றதும் தோழிகள் ஆறு பேரைக் கூட்டிவந்து பாயில் உட்கார வைத்தேன். பெரியப்பா சலவை வேட்டி கட்டி நடுநாயகமாக நாற்காலியில் இருந்தார். கரண்ட் போகக் கூடாதே என்று நான் வேண்டாத சாமியில்லை.

கரண்ட் போகவில்லை. போயிருக்கலாம். கதாநாயகன் கதறிக்கொண்டிருக்கும்போதே, செத்துக் கிடந்த பெரியப்பா இடது கண்ணை மெல்லத் திறந்து, நேராக எங்களைப் பார்த்துவிட்டு மூடிக்கொண்டார்.

"ஏட்டி, பொணம் முழிச்சிட்டு" என்று ஒருத்தி சொன்னதும் மற்றவர்கள் பாயில் உருண்டு சிரித்தார்கள். எனக்கு மானமே போய்விட்டது. நாளைக்கு வகுப்புக்கு எந்த முகத்தோடு போவது? அழாத குறையாக, ஏன் கண்ணைத் திறந்தீர்கள் என்று பெரியப்பாவைக் கேட்டேன்.

"எறும்பு கடிச்சிட்டு மக்கா."

எந்தப் படத்துக்கும் அடுக்களையை விட்டு வராத பெரியம்மா, இந்தக் காட்சிக்கு மட்டும் தேங்காய் திருவிய கையோடு வந்து நின்றிருந்தாள். அவர்களுக்குக் கல்யாணம் நிச்சயமான புதிதில் வந்த படம். நாகர்கோவில் தியேட்டரில் அதை ஏழு தடவை பார்த்தவள் என்று அம்மா கேலி செய்வாள்.

"எறும்பாம் எறும்பு" என்றாள் பெரியம்மா. "கடிக்கப் போறேன்னு எனக்கு முன்னாலயே லெட்டர் போட்ட எறும்பாக்கும்."

அம்மாவும் அப்பாவும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். பெரியப்பா அவள் பக்கம் திரும்பி அதே இடது கண்ணைச் சிமிட்டினார். பெரியம்மா முகம் சிவந்துபோய், எல்லோருக்கும் ஆளுக்கு இரண்டு முந்திரிக்கொத்து உருண்டை கொடுத்தாள்.

அவர் மறுபடி கண் சிமிட்டியதைப் பார்த்ததும் எனக்கு உயிர் வந்தது. தோழிகள் போன பிறகு நாற்காலியைக் கவிழ்த்துப் போட்டு வெகுநேரம் தேடினேன். திங்கட்கிழமை வகுப்பில் காட்ட ஒரு எறும்பாவது வேண்டுமே.