ஸ்கூட்டரில் இருக்கை உண்டா?

மருத்துவக் கோடிங் வேலைக்குச் சேர்ந்த முதல் வாரத்திலேயே நான் ஏழு வயதுப் பையன் ஒருவனை மோட்டார் ஸ்கூட்டரில் ஏற்றிவிட்டேன்.

வேலை இதுதான். அமெரிக்காவில் ஒருவர் விழுந்து அடிபட்டு மருத்துவமனைக்குப் போனால், அங்கே டாக்டர் எழுதும் குறிப்பு பாளையங்கோட்டையில் எங்கள் கணினிக்கு வந்துவிடும். எந்த எலும்பு, எந்தப் பக்கம் என்று படித்து, காப்பீட்டுக் கணக்குக்காக ஒவ்வொன்றுக்கும் உரிய குறியீட்டு எண்ணைப் போட வேண்டும். எதிலிருந்து விழுந்தார் என்பதற்கும் தனி எண் உண்டு. அந்தப் பையனின் குறிப்பில், ஸ்கூட்டரிலிருந்து விழுந்து இடது மணிக்கட்டு முறிந்தது என்று இருந்தது. விக்கிரமசிங்கபுரத்தில் பிறந்து வளர்ந்த எனக்கு ஸ்கூட்டர் என்றால் பெட்ரோல் போட்டு ஓட்டுவது மட்டும்தான். யோசிக்காமல் மோட்டார் வண்டி விபத்துக்கான எண்ணைப் போட்டு அனுப்பினேன்.

எங்கள் குழுத் தலைவி என்னைவிட ஐந்தாறு வயது மூத்தவர். எல்லாரும் அக்கா என்றே கூப்பிடுவோம். அவர் என்னைத் தன் மேசைக்கு அழைத்தார்.

"பிள்ள, இந்தப் பையனுக்கு என்ன வயசு போட்டிருக்கு?"

"ஏழுக்கா."

"ஏழு வயசுல எவன் ஸ்கூட்டர் ஓட்டுதான்?"

அந்த வரிசையே சிரித்தது. நானும் சேர்ந்து சிரித்தேன். ஆனால் விலங்கியலில் கல்லூரியிலேயே முதலாவதாக வந்தவளுக்கு உள்ளே எரிந்தது. அக்கா திரையில் படம் காட்டினார். ஒரு பலகை, இரண்டு சின்னச் சக்கரம், பிடித்துக்கொள்ள ஒரு கைப்பிடி. ஒரு காலை ஊன்றித் தள்ளிக்கொண்டே பிள்ளைகள் அதில் நின்று போவார்களாம். நின்று ஓட்டும் மின்சார ஸ்கூட்டருக்கு வேறு எண். நடக்க முடியாதவர்கள் உட்கார்ந்து போகும் பேட்டரி ஸ்கூட்டருக்கு இன்னொன்று. காலில் மாட்டும் ஸ்கேட்டிலும் சக்கரங்கள் ஒரே வரிசையில் இருந்தால் ஓர் எண், முன்னால் இரண்டு பின்னால் இரண்டு என்றிருந்தால் வேறு எண். இதில் ஒன்றைக்கூட நான் கையால் தொட்டதில்லை.

அந்தச் சனிக்கிழமை காலையில், பிள்ளைகள் ஸ்கேட்டிங் பழகும் மைதானத்துக்குப் போனேன். பயிற்சியாளர் என்னைப் பார்த்ததும், "பிள்ளையச் சேக்கணுமா?" என்றார்.

"இல்லண்ணே. சக்கரத்தப் பாக்கணும்."

என் வேலையைச் சொன்னேன். அவர் சிரிக்கவில்லை. இரண்டு வகை ஸ்கேட்டையும் கொண்டுவந்து சிமெண்டுத் தரையில் வைத்தார். சக்கரங்களை உருட்டிப் பார்த்தேன். ஓரமாகச் சாய்த்து வைத்திருந்த ஒரு ஸ்கூட்டரிலும் ஏறி நின்று நாலடி தள்ளிப் பார்த்தேன். "கால்ல போட்டுப் பாத்தாத்தான் தெரியும்" என்று அவர் சொன்னதும், வந்ததுதான் வந்தோம் என்று பெரியவர்களுக்கான ஒரு ஜோடியை மாட்டிக்கொண்டேன்.

ஐந்தடிகூடப் போகவில்லை. கால்கள் இரண்டும் எனக்கு முன்னால் போய்விட்டன. கை தானாக நீண்டு தரையில் ஊன்றியது.

"கைய ஊனாதீங்க, எல்லாரும் அப்படித்தான் மணிக்கட்ட ஒடிச்சுக்கிடுதாவ" என்றார் பயிற்சியாளர், என்னைத் தூக்கி நிறுத்திக்கொண்டே.

'நீட்டிய கையின் மேல் விழுந்தார்' என்ற வரியைப் பயிற்சி வகுப்பில் பல முறை படித்திருந்தேன். அன்றைக்குத்தான் அது என் கைக்குப் புரிந்தது. எலும்பு முறியவில்லை. நான்கு நாள் வீக்கத்தோடு தட்டச்சு செய்தேன்.

அடுத்த ஆண்டு வேறொரு குறிப்பு வந்தது. எழுபது வயதுப் பெண்மணி, இடுப்பெலும்பு முறிவு. முதல் பக்கத்தில் 'ஸ்கூட்டரிலிருந்து விழுந்தார்' என்று மட்டும் இருந்தது. மூன்றாம் பக்கத்தில் அதே டாக்டர், பெரிய கடையில் சுற்றிவரக் கொடுத்த பேட்டரி ஸ்கூட்டரில் உட்கார்ந்து போனவர் திரும்பும்போது சாய்ந்துவிட்டார் என்று எழுதியிருந்தார். உட்கார்ந்து போகும் ஸ்கூட்டருக்கான எண்ணைப் போட்டேன். அமெரிக்காவில் எங்கள் வேலையைச் சரிபார்க்கும் ஆடிட்டர் அதைப் பிழை என்று குறித்து, பிள்ளைகள் தள்ளி ஓட்டும் ஸ்கூட்டரின் எண்ணைப் போடச் சொன்னார்.

"விடு பிள்ள, ஒரு பிழைதான. அவங்ககிட்ட எதுக்கு மல்லுக்கு நிக்க?" என்றார் அக்கா.

"தப்பு செஞ்சிருந்தா ஒத்துக்கிடுவேங்கா. இது தப்பில்ல."

அவர் மூன்றாம் பக்கத்தை ஒரு முறை படித்தார். பிறகு இன்னொரு முறை படித்தார். "சரி, எழுது. அனுப்புததுக்கு முந்தி எங்கிட்ட காட்டு."

பக்கம், வரி, டாக்டரின் சொற்கள் எல்லாவற்றையும் குறிப்பிட்டு எழுதினேன். 'பிள்ளைகளின் ஸ்கூட்டரில் இருக்கை கிடையாது. நானே ஏறி நின்று பார்த்திருக்கிறேன்' என்று முடித்திருந்தேன். அந்தக் கடைசி வாக்கியத்தை மட்டும் அக்கா அடித்துவிட்டார்.

மூன்றாம் நாள் பதில் வந்தது. ஒப்புக்கொள்கிறோம், பிழை நீக்கப்பட்டது. அவ்வளவுதான். அந்த ஒற்றை வரியை எத்தனை முறை படித்தேன் என்று சொல்ல வெட்கமாக இருக்கிறது. அதன்பின் எங்கள் தளத்தில் யாருக்காவது சக்கரத்தில் சந்தேகம் வந்தால், அக்கா என் இருக்கையைக் கை காட்டிவிடுவார்.

பதில் வந்த வாரம் ஞாயிற்றுக்கிழமை ஊருக்குப் போனபோது அப்பாவிடம் சொன்னேன். அப்பா நூல் ஆலையில் முப்பது வருடம் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர்.

"அப்போ அமெரிக்காக்காரன் சொன்னதத் தப்புன்னுட்டியாட்டி?"

"தப்புன்னு சொல்லலப்பா. மூணாம் பக்கத்தப் படிக்கச் சொன்னேன்."

அப்பா சட்டையை மாட்டிக்கொண்டு வெளியே போனார். சற்று நேரம் கழித்து நான் பால் வாங்கப் போகும்போது, டீக்கடை பெஞ்சில் தன் பழைய ஆலைக் கூட்டாளிகள் நடுவே உட்கார்ந்திருந்தார். கையை ஆட்டி ஆட்டி, உட்கார்ந்து போகிற வண்டிக்கும் நின்று போகிற வண்டிக்கும் என்ன வித்தியாசம் என்று விளக்கிக்கொண்டிருந்தார். பாதி தப்பாகத்தான் சொன்னார். நான் திருத்தப் போகவில்லை.