முடிவு சொல்லும் வரை

சொந்தமாகக் கல்குவாரி நடத்தத் தொடங்கிப் பதினெட்டு வருடம் ஆகியும் அவரை யாரும் முதலாளி என்று கூப்பிட்டதில்லை. மேஸ்திரிதான். இருபது வயதில் அடுத்தவர் குவாரியில் சம்மட்டி பிடித்தவர், நாற்பதில் அதே பாறையின் பின்பக்கத்தைக் குத்தகைக்கு எடுத்தார். பாறையைத் தட்டிப் பார்த்தே எந்த இடத்தில் விரியும் என்று சொல்லிவிடுவார். அலுவலகங்களைத் தட்டிப் பார்க்கத்தான் அவருக்குத் தெரியவில்லை.

குவாரி உரிமம் ஒரு வருடத்துக்குத்தான். அது முடிய மூன்று மாதம் இருக்கும்போதே புதுப்பிக்க மனு கொடுக்க வேண்டும் என்பது விதி. மேஸ்திரி நான்கு மாதம் முன்பே கொடுத்தார். அங்கேதான் தப்பு நடந்தது. அந்த அலுவலகத்தில் வருகிற மனுக்களை ஒன்றின்மேல் ஒன்றாக அடுக்குவார்கள், மேலிருந்து எடுப்பார்கள். முந்திக்கொண்டவர் அடியில் போனார்.

உரிமம் முடிந்தது. குவாரி நின்றது. மனு கிணற்றில் போட்ட கல்லாகக் கிடந்தது. வாரம் இரண்டு முறை மேஸ்திரி போய் நின்றார். அடிமேல் அடி அடித்தால் அம்மியும் நகரும் என்பார்கள். அம்மிக்குக் கோப்பு எண் கிடையாது, அதனால் நகரும்.

"பரிசீலனையில இருக்குங்க" என்றார் குமாஸ்தா.

"யாரு பரிசீலிக்கறாங்க?"

"அதையும் பரிசீலிச்சுட்டு இருக்கோம்."

ஒன்பது மாதத்தில் பதினொரு ஆட்களில் ஏழு பேர் வேறு குவாரிக்குப் போய்விட்டார்கள். மிச்சமிருந்தவர்களில் முக்கியமானவன் டிரில் ஓட்டுகிறவன். அந்தப் பாறையில் எங்கே துளை போட வேண்டும், எங்கே போட்டால் ஆள் போய்விடும் என்று அறிந்தவன். அவனும் வந்து தலையைச் சொறிந்தான்.

"ஒண்ணாம் தேதிக்கு வேற எடத்துல வரச்சொல்லி இருக்காங்க மேஸ்திரி. வீட்ல மூணு வயிறு."

அவன் போனால் உரிமம் வந்தும் பயனில்லை. மேஸ்திரி அன்றைக்கே அக்கா மகளிடம் போனார். அவள் வக்கீல்.

"கோர்ட்டுக்குப் போயி லைசென்ஸ வாங்கிக் குடும்மா."

"கோர்ட்டு லைசென்ஸ் குடுக்காது மாமா. குடுக்கறியா இல்லையான்னு சீக்கிரம் சொல்லுன்னு ஆபீஸுக்கு உத்தரவு போடும். அவ்வளவுதான்."

"இல்லைன்னு சொல்லிட்டா?"

"அதை எதிர்த்து இன்னொரு கேஸ்."

"நல்ல தொழில்தான் பிடிச்சிருக்க" என்றார் மேஸ்திரி. அவள் சிரித்துக்கொண்டே ரிட் மனு எழுதினாள். கூடவே, முடிவு சொல்லும்வரை பழைய நிபந்தனைப்படி வேலை செய்ய அனுமதி வேண்டும் என்று ஒரு வரியும் சேர்த்தாள்.

விசாரணையன்று அரசு வக்கீல் எழுந்து, கோப்பு தீவிரப் பரிசீலனையில் இருப்பதாகச் சொன்னார்.

"எத்தனை நாளாக?" என்று கேட்டார் நீதிபதி.

"பதிமூன்று மாதமாக."

"இந்நேரம் கல்லே கரைஞ்சிருக்குமே!"

ஆறு வாரத்தில் முடிவெடுக்க வேண்டும்; அந்த முடிவைச் சொல்லும்வரை குவாரி ஓடலாம் என்று உத்தரவு வந்தது. மறுநாள் கம்ப்ரசர் உறுமியது. டிரில்காரன் ஒன்றாம் தேதியை மறந்தான். போன ஏழு பேரில் மூன்று பேர் திரும்பி வந்தார்கள்.

நான்காவது வாரம் குமாஸ்தாவே போன் செய்தார். அவர் இதற்குமுன் யாருக்கும் போன் செய்ததாகத் தெரியவில்லை.

"சந்தோஷமான செய்தி. அடுத்த வாரம் உங்க உரிமம் ரெடி."

"ஒரு வருஷத்துக்குத்தானே?"

"ஆமா. பழசு முடிஞ்ச தேதியிலருந்து."

மேஸ்திரி விரல் விட்டு எண்ணினார். பத்து மாதம் ஏற்கெனவே ஓடிவிட்டது. கையில் வரும்போது மிச்சம் இரண்டு மாதம்கூட இல்லை. அடுத்த புதுப்பித்தலுக்கு மூன்று மாதம் முன்பே மனு கொடுத்திருக்க வேண்டும். உரிமமே கைக்கு வராதபோது யார் மனு கொடுப்பது? உரிமம் வந்தால் கோர்ட்டு அனுமதி போய்விடும்; இரண்டு மாதத்தில் உரிமமும் போய்விடும்.

அக்கா மகளைக் கேட்டார். "அதுக்கும் கேஸ் போடலாம் மாமா. அவங்க தாமதத்தை உங்க தலையில கட்டக் கூடாதுன்னு. ஆனா போன தடவை மாதிரி நடுவுல ஓட்ட அனுமதி கெடைக்கும்னு சொல்ல முடியாது. கெடைக்கலைன்னா தீர்ப்பு வர்றவரைக்கும் குவாரி மூடித்தான் இருக்கும்."

"அந்த ஆபீஸ் ஒரு தடவை வேகமா வேலை செஞ்சா, அதுவும் உங்க தலையிலதான் விழணுமா?" என்றாள் மனைவி.

மேஸ்திரி இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. மூன்றாம் நாள் குளித்து, வெளுத்த சட்டை போட்டு, அலுவலகம் போனார். குமாஸ்தா எழுந்து நாற்காலி போட்டார்.

"சார், நான் குடுத்த வரைபடத்தைப் பாத்தீங்களா?"

"பாத்தோமே. சரியா இருக்கு."

"வடக்கு எந்தப் பக்கம்னு நான் போடலையே."

குமாஸ்தா கோப்பைப் புரட்டினார். வடக்கு இல்லை. அவர் முகத்தில் பழைய ஒளி திரும்பியது.

"பெரிய குறையாச்சே! இதுக்கு விளக்கம் கேட்டு எழுதணும். கோர்ட்டுலயும் அவகாசம் கேக்கணும். கொஞ்சம் நாளாகும், பரவாயில்லையா?"

"நிதானமாப் பாருங்க சார்" என்றார் மேஸ்திரி. "எல்லைக்கல்லு எண்ணிக்கையிலயும் எனக்கே ஒரு சந்தேகம் இருக்கு."

குமாஸ்தா அதையும் குறித்துக்கொண்டார். அங்கிருந்தே மேஸ்திரி டிரில்காரனுக்குப் போன் போட்டார்.

"மேற்குப் பக்கம் புதுசா துளை போட ஆரம்பிச்சுடு. அவசரமில்ல, நாள் இருக்கு."