பூட்டுக்காரர் வீட்டு மீட்டர்

பூட்டுக்காரரால் திறக்க முடியாத பூட்டு அந்தத் தெருவில் கிடையாது. சாவியைத் தொலைத்துவிட்டுத் திருதிருவென்று விழிப்பவர்கள் எல்லாரும் அவரிடம்தான் வருவார்கள். ஒரு கம்பி, லேசாக ஒரு நெளிப்பு, காதைச் சாய்த்து ஒரு நொடி, வேலை முடிந்துவிடும். அப்பேர்ப்பட்ட மனிதருக்கு நான்கு வருடமாக ஒரு தகரப் பெட்டி தண்ணி காட்டிக்கொண்டிருந்தது. அவர் வீட்டு வாசலில் மாட்டியிருந்த மின்சார மீட்டர்ப் பெட்டி.

வீட்டில் ஓடுவது இரண்டு விளக்கு, ஒரு மின்விசிறி, மனைவியின் ஆக்சிஜன் மெஷின். அந்த அம்மாளுக்கு நுரையீரல் கெட்டுப்போய் ஐந்து வருடமாகிறது. மூக்கில் குழாய் இல்லாமல் இருக்கவே கூடாது என்று டாக்டர் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார். ஒரு மாதம் திடீரென்று பில் மூன்று மடங்காக வந்தது. அடுத்த மாதமும் அப்படியே. மின்வாரிய ஆபீசில் போய்க் கேட்டால், "மெஷின் ஓட்டுறீங்கல்ல, இழுக்கத்தான் செய்யும்" என்று பேச்சை முடித்துவிட்டார்கள். கட்டாவிட்டால் இணைப்பைத் துண்டிப்போம் என்று நோட்டீசும் வந்தது. இணைப்பு போனால் மனைவியின் மூச்சும் போகும். மனிதர் நுகர்வோர் நீதிமன்றத்துக்கு ஓடினார். தீர்ப்பு வரும்வரை துண்டிக்கக் கூடாது என்று தடை வாங்கினார்.

முதல் விசாரணையிலேயே எதிர்த்தரப்பு வக்கீல் பிடித்துக்கொண்டார்.

"மீட்டர்ப் பெட்டியில இருக்குறது எங்க பூட்டு இல்லையே. உங்க தொழில் என்ன?"

"பூட்டு ரிப்பேர் பண்றதுங்க."

கூடத்தில் இருந்தவர்கள் சிரித்தார்கள். இவரே பெட்டியைத் திறந்து மீட்டரைக் கெடுத்துவிட்டார் என்றார் வக்கீல். நடந்தது இவ்வளவுதான்: பூட்டு துருப்பிடித்து சாவி சிக்குகிறது என்று கணக்கெடுக்க வந்தவர் மாதாமாதம் சலித்துக்கொண்டார். இவருக்குக் கை சும்மா இருக்குமா? நல்ல பூட்டாக ஒன்றை மாட்டி, இருந்த ஒரே சாவியையும் அவர் கையில் கொடுத்து அனுப்பினார். வேறு யாராக இருந்தாலும் உங்கள் பெட்டி, உங்கள் பாடு என்று விட்டிருப்பார்கள். கெட்டுப்போன பூட்டைப் பார்த்துக்கொண்டு இவரால் உட்கார முடியாது, அது ஒரு வியாதி. கணக்கெடுத்தவரோ மாற்றலாகிப் போய்விட்டார். சாட்சி சொல்லக் கூப்பிட்டபோது அவருக்கு எதுவுமே ஞாபகம் வரவில்லை.

மீட்டரைச் சோதித்துப் பார்த்துவிடலாம் என்றது நீதிமன்றம். அதற்கு வீட்டில் மெயினை இறக்கி, அரை மணி நேரம் எல்லாவற்றையும் நிறுத்தி வைக்க வேண்டும். மெஷினை நிறுத்த மாட்டேன் என்று இரண்டு முறை வந்தவர்களைத் திருப்பி அனுப்பினார் பூட்டுக்காரர். 'மனுதாரர் ஒத்துழைக்கவில்லை' என்று எழுதிக்கொண்டு போனார்கள். வாய்தா மேல் வாய்தா. நீதிமன்றத்து மர பெஞ்சில் உட்கார்ந்து உட்கார்ந்தே அவருக்கு முதுகு கூன் விழுந்துவிட்டது. ஜெயிக்க வேண்டும் என்ற ஆசைகூட வடிந்துவிட்டது, எப்படியாவது முடிந்தால் போதும் என்றிருந்தது.

மூன்றாவது முறைக்கு வாடகை ஆக்சிஜன் சிலிண்டர் ஒன்றைச் சொல்லி வைத்தார். ஒன்பது மணிக்கு வருகிறேன் என்ற வண்டி பதினொன்றாகியும் வரவில்லை. சோதனைக்கு வந்த அதிகாரி நல்ல மனிதர்தான், ஆனாலும் கடிகாரத்தைப் பார்த்தார்.

"இன்னைக்கும் முடியலைன்னா நான் ஒண்ணும் செய்ய முடியாதுங்க ஐயா. கேஸைத் தள்ளுபடி பண்ணிடுவாங்க."

கட்டிலிலிருந்து மனைவி குரல் கொடுத்தார். "நிறுத்தச் சொல்லுங்க. எனக்குப் பழக்கந்தான்."

"என்ன பழக்கம்?"

"தினம் நீங்க கடைக்குப் போனதும் ரெண்டு மணி நேரம் நிறுத்திடுவேன். பில்லு கொஞ்சமாவது குறையாதான்னு."

"எப்பலேருந்து?"

"நீங்க கோர்ட்டுக்கு அலைய ஆரம்பிச்சதுலேருந்து."

பூட்டுக்காரருக்குக் கோபம் வந்தது, யார் மேல் என்றுதான் தெரியவில்லை. போய் மெயினை இறக்கினார். மெஷினின் உறுமல் நின்றது. அதன் பிறகு வீட்டில் கேட்டது அந்த அம்மாளின் மூச்சு மட்டும்தான்.

அதிகாரி மீட்டரின் முன்னால் நின்றார். சிவப்பு விளக்கு சிமிட்டியது. மறுபடியும் சிமிட்டியது. வீட்டில் எதுவுமே ஓடவில்லை, எண் மட்டும் ஏறிக்கொண்டிருந்தது. பத்து நிமிடத்திலேயே அவர் பேனாவை மூடினார்.

"போதுங்க, மெயினைப் போடுங்க. உங்க மேல தப்பே இல்ல. இது தானா ஓடிக்கிட்டிருக்கு. நீங்க ஜெயிச்சாச்சு."

மெஷின் மறுபடி உறுமத் தொடங்கியது. நீலம் பாரித்த உதடுகளோடு மனைவி குழாயைச் சரிசெய்துகொண்டார்.

"அப்போ நான் நிறுத்தி வெச்சப்பவும் ஓடிக்கிட்டுத்தான் இருந்துச்சா?"

அதிகாரி தலையைக் குனிந்துகொண்டு படியிறங்கினார்.

அன்று பூட்டுக்காரர் கடை திறக்கவில்லை. சாயங்காலம் வரை உட்கார்ந்து ஒரு சின்னத் தகரப் பெட்டி செய்தார். அதை மெஷினின் சுவிட்சுக்கு மேலே பொருத்தி, கடையிலேயே உசத்தியான பூட்டைப் போட்டார்.

மனைவி படுத்தபடியே பார்த்துச் சிரித்தார். "முப்பது வருஷமா உங்க கூடக் குடும்பம் நடத்துறேன். இதைத் திறக்க எனக்குத் தெரியாதா?"

"தெரியும்," என்றார் பூட்டுக்காரர். "தெரிஞ்சாலும் திறக்காதே."